கோணமலைக் கடலடியில் ஒரு கமரா

திருகோணமலைக் கடலுக்கடியில் திரைப்படக் கமராவை இறக்கி, அங்கே எடுத்த காட்சிகளைக் கொண்டே ஒரு முழுநீளப் படத்தை உருவாக்கியவர் மைக் வில்சன். 1962இல் வெளிவந்த அந்தப் படம் 'ரன்முத்து துவ'. சிங்கள மொழியின் முதலாவது வண்ணப்படமும் அதுதான். அதே 1962ஆம் ஆண்டின் தொடக்கத்தில் சோவியத் நாட்டில் 'நீர்நில மனிதன்' என்ற படம் வெளிவந்தது. லெனின்கிராட் நகரத்து ஒளிப்பதிவாளர் எதுவார்த் ரொசோவ்ஸ்கி அதன் கடலடிக் காட்சிகளைக் கருங்கடலில் எடுத்தார். இருவரும் ஒருவரையொருவர் அறிந்தவர்களல்லர். ஆனாலும் ஒரே காலத்தில், ஒரே வகையான சிக்கலை இருவரும் எதிர்கொண்டார்கள். வண்ணப் படச்சுருளோடு கடலுக்குள் இறங்கி, நடிகர்களை நீருக்கடியில் நடிக்கவைத்து, பார்வையாளர் நம்பும்படி ஒரு கதையைச் சொல்லவேண்டியிருந்தது. அதற்குப் பின் ஒருவர் ஏறத்தாழ அரை நூற்றாண்டு ஒளிப்பதிவாளராகவும் ஆசிரியராகவும் வாழ்ந்தார். மற்றவர் சில ஆண்டுகளில் சினிமாவை விட்டு விலகினார், பின்னர் காவியுடை உடுத்தார். ஒரு ஒளிப்பதிவாளரின் தொழில் வாழ்க்கையை எது நிலைநிறுத்துகிறது, எது குலைக்கிறது என்பதை ஆராய இந்த இரண்டு வாழ்க்கைகளையும் சேர்த்துப் பார்ப்பது பயன் தரும்.

நீருக்கடியில் படம் எடுப்பதன் வரலாறு சினிமாவின் வரலாற்றுக்குச் சற்று முந்தியது. பிரெஞ்சு உயிரியலாளர் லூயி பூத்தான் 1893இல் பன்யூல்ஸ் கடற்கரையில் நீரடி நிழற்படங்களை எடுத்தார். 1910களில் அமெரிக்கரான வில்லியம்சன், கப்பலிலிருந்து நீண்ட குழாய் ஒன்றைக் கடலுக்குள் இறக்கி, அதன் அடியிலிருந்த கண்ணாடி அறைக்குள் கமராவோடு உட்கார்ந்து பகாமாஸ் கடலைப் படமாக்கினார். கமரா மட்டுமல்லாமல் அதைப் பிடித்திருப்பவரும் மீனைப்போல் நீந்தித் திரிய வழி பிறந்தது 1943இல். அந்த ஆண்டில் கூஸ்தோவும் கஞானும் மூச்சுக்கருவியை உருவாக்கினார்கள். கூஸ்தோவும் இளம் லூயி மாலும் சேர்ந்து எடுத்த 'மௌன உலகம்' 1956இல் கான் திரைப்பட விழாவின் உயர்ந்த விருதைப் பெற்றது. மைக் வில்சன் திருகோணமலையில் முதன்முதலாகச் சுழியோடியதும் அதே 1956இல்தான்.

வில்சன் இங்கிலாந்தில் பிறந்தவர். எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க்கோடு 1950களின் தொடக்கத்தில் நட்பானார். 1954, 1955 ஆண்டுகளில் இருவரும் அவுஸ்திரேலியாவின் பெரும் பவளத்திட்டில் சுழியோடிப் படங்கள் எடுத்தார்கள். அவுஸ்திரேலியா போகும் வழியில் கப்பல் கொழும்பில் நின்றபோது கிளார்க்குக்கு இலங்கையில் ஏற்பட்ட ஈர்ப்பு, 1956இல் இருவரையும் இங்கே குடியேறச் செய்தது. தெகிவளை மிருகக்காட்சிச் சாலையில் பணியாற்றிய ரொட்னி யொங்க்ளாஸ் இலங்கைக் கடலை நன்கு அறிந்த சுழியோடி. அவர் இவர்களோடு சேர்ந்துகொண்டார். எழுதுவது கிளார்க்கின் பங்கு. படம் எடுப்பது வில்சனின் பங்கு. 1957இல் வெளியான 'தப்ரபேனின் பவளத்திட்டுகள்' என்ற நூல் இந்தக் கூட்டு முயற்சியின் விளைவு. திருகோணமலையைப் பற்றிய அதன் பகுதிகள் இன்றும் படிக்கத்தக்கவை.

அப்போதைய திருகோணமலை பிரித்தானியக் கடற்படையின் ஊர். துறைமுகமும் கடற்படைத் தளமும் 1957 அக்டோபரில்தான் இலங்கை அரசின் கைக்கு வந்தன. உட்துறைமுகம் பெரிய போர்க்கப்பல்கள் ஒதுங்கி நிற்கும் அளவுக்கு ஆழமானது. கொட்டியார் குடாவிலிருந்து கடலடிப் பள்ளத்தாக்கு ஒன்று தொடங்கி ஆழ்கடலுக்கு இறங்குகிறது. கரைக்கு இவ்வளவு அருகே இவ்வளவு ஆழம் இருப்பதால்தான் நீலத் திமிங்கிலங்களும் எண்ணெய்த் திமிங்கிலங்களும் இந்த ஊரின் கண்ணுக்கெட்டிய தூரத்தில் நடமாடுகின்றன. 1942 ஏப்ரல் 9ஆம் திகதி யப்பானிய விமானங்கள் குண்டு பொழிந்ததில் துறைமுகத்துக்குள் எரிந்த 'சகாயிங்' என்ற சரக்குக் கப்பல் பின்னர் அங்கேயே அமிழ்த்தப்பட்டு இறங்குதுறையாகப் பயன்பட்டது. அதே நாளில் தெற்கே மட்டக்களப்புக்கு அப்பால் 'ஹேர்மீஸ்' என்ற விமானந்தாங்கிக் கப்பல் மூழ்கியது. சுழியோடிக்கு இந்தக் கடலில் பார்க்க எதற்கும் குறைவில்லை.

ஆயினும் வில்சனை இழுத்தது கப்பலல்ல, கோயில். பிரெட்ரிக் கோட்டைக்குள் சுவாமி மலை ஏறத்தாழ 400 அடி உயரத்துக்குச் செங்குத்தாகக் கடலில் இறங்குகிறது. அதன் உச்சியில் இருந்த கோணேசர் கோயிலை 1620களின் தொடக்கத்தில் போர்த்துக்கேயத் தளபதி கொன்ஸ்தந்தீனு த சா இடித்தார். கற்களில் ஒரு பகுதி கோட்டை கட்டப் பயன்பட்டது. இன்னொரு பகுதி மலையிலிருந்து கடலுக்குள் உருண்டது. கோயிலுக்குரிய செப்புத் திருமேனிகளை அடியார்கள் மண்ணில் புதைத்துக் காத்தார்கள். அவற்றில் சில 1950இல் கிணறு தோண்டும்போது வெளிப்பட்டன. மலையடியில் செதுக்கிய தூண்கள் கிடப்பதை ஊர்க் கடற்றொழிலாளர் அறிந்திருந்தனர். அவற்றை முதலில் படமாக்கி வெளியுலகுக்குக் காட்டியது 1956இல் வில்சனும் கிளார்க்கும் நடத்திய சுழியோட்டம். அந்தக் கற்களிடையே வில்சன் கண்டெடுத்த இலிங்கம் மேலே கொண்டுவரப்பட்டுப் புதிய கோயிலில் வைக்கப்பட்டது. 1963இல் அந்தக் கோயிலுக்குக் குடமுழுக்கு நடந்தது. ஒரு ஒளிப்பதிவாளர் படமெடுக்கப் போன இடத்திலிருந்து வழிபடுபொருள் ஒன்றை மீட்டுத் தந்தது சினிமா வரலாற்றில் அடிக்கடி நிகழ்வதல்ல. திருகோணமலைச் சைவர்கள் வில்சனின் பெயரை மறவாதிருப்பதற்கு அவருடைய படங்களைவிட இதுவே பெரிய காரணம்.

சுவாமி மலையடியில் படம் எடுப்பது கடினமான வேலை. அதன் காரணங்களை விளங்கிக்கொண்டால்தான் வில்சனின் திறமையின் அளவு தெரியும். கடல் இங்கே இரண்டு முகம் காட்டும். ஐப்பசி முடிவிலிருந்து தை வரை வாடைக் காற்று நேராகக் கரையில் மோதும். அலை மலையில் அடித்துத் திரும்பும். மழையில் பெருகும் மகாவலி கொட்டியார் குடாவில் மண்ணைக் கொட்டி நீரைக் கலக்கும். அந்த மாதங்களில் கமராவுக்கு வேலையில்லை. சித்திரையிலிருந்து புரட்டாதி வரை கச்சான் தரையிலிருந்து கடலை நோக்கி வீசும். அப்போது மலையே காற்றுக்கு மறைப்பாகி நிற்பதால் அதன் கிழக்கடியில் நீர் தெளியும். ஆனால் மலை மேற்கே நிற்பதால் பிற்பகலில் அதன் நிழல் கடலின் மேல் விழும். சூரியன் தாழ்வாக இருக்கும் விடியற்காலையில் ஒளியின் பெரும்பகுதி நீர்ப்பரப்பில் பட்டுத் தெறித்துப் போய்விடும், உள்ளே இறங்காது. ஆகவே ஆண்டில் ஆறு மாதம், அந்த மாதங்களிலும் நாளொன்றுக்கு முற்பகலில் சில மணி நேரம் மட்டுமே மலையடியில் நல்ல ஒளி கிடைக்கும்.

ஒளி உள்ளே இறங்கியபின்னும் கடல் அதை அப்படியே விட்டுவைப்பதில்லை. சிவப்பு முதலில் மறையும். ஐந்தாறு மீற்றர் ஆழத்திலேயே அதன் பெரும்பகுதி போய்விடும். பிறகு செம்மஞ்சள், அதன்பின் மஞ்சள். பத்துப் பதினைந்து மீற்றரில் விரலை அறுத்துக்கொண்டால் இரத்தம் கரும்பச்சையாகத் தெரியும். கறுப்பு வெள்ளைப் படத்தில் இது பெரிய குறையல்ல. வண்ணப் படத்தில் இதுவே முதற்சிக்கல். மேல்நீரில் எடுத்த காட்சியும் அடிநீரில் எடுத்த காட்சியும் ஒன்றன்பின் ஒன்றாக வந்தால், ஒரே நடிகரின் தோல் ஒரு நொடியில் மாநிறமாகவும் மறுநொடியில் நீலமாகவும் தோன்றும். இதற்கு வழி இரண்டே. ஒன்று, பத்து மீற்றருக்கு மேலேயே இருந்து படம் எடுப்பது. மற்றது, விளக்கை உடன் கொண்டுபோவது. இலங்கையில் அக்காலத்தில் இரண்டாவது வழிக்கு வசதி குறைவு. ஆழங்குறைந்த முருகைக்கற்பாறைகளும் வெண்மணலும் கலந்த இடங்களைத் தேடிப் போவதே எளிய வழி. வெண்மணல் ஒளியைத் திருப்பி மேலே அனுப்பும். நீருக்கடியில் ஒரு ஒளிப்பதிவாளருக்கு இயற்கை தரும் வெள்ளைத்தட்டி அது. நிலாவெளிக்கு எதிரே புறாமலைத் தீவைச் சுற்றியும் இத்தகைய இடங்கள் இருக்கின்றன.

வில்லை பற்றிய தொல்லையும் உண்டு. நீரிலிருந்து தட்டையான கண்ணாடி வழியே பெட்டிக்குள் வரும் ஒளி வளைவதால், பொருட்கள் உண்மையிலும் மூன்றிலொரு பங்கு பெரியவையாக, நான்கிலொரு பங்கு அருகே இருப்பவையாகத் தெரியும். கரையில் அகன்ற காட்சியைத் தரும் வில்லை நீருக்குள் அந்த அகலத்தை இழக்கும். அகலத்துக்காகப் பின்வாங்கிச் சென்றால் இடையில் நீரின் மங்கல் கூடும். எனவே நீரடி ஒளிப்பதிவாளர் மிக அகன்ற வில்லையை மாட்டிக்கொண்டு நடிகருக்கு மிக அருகே போகவேண்டும். அருகே போனால் ஒளிப்பதிவாளரின் மூச்சுக்குமிழிகளே சட்டத்துக்குள் வந்துவிடும். காட்சி எடுக்கும் நேரம் முழுவதும் ஒளிப்பதிவாளர் மூச்சை அடக்கிக்கொள்ளவேண்டியதும் உண்டு. தரையில் கிடைக்கும் தண்டவாளம், தூக்கி, முக்காலி எதுவும் இங்கே இல்லை. உடலே தாங்கி, துடுப்புக் காலணியே சக்கரம். காட்சி சரியாக வந்ததா என்பதைப் படச்சுருளைக் கழுவிப் பார்க்கும்வரை சொல்ல முடியாது. நடிகரை நோக்கி 'இன்னொருமுறை' என்று கூவவும் முடியாது.

'ரன்முத்து துவ'வுக்கு முன் வில்சன் 1950களின் பிற்பகுதியில் இலங்கைக் கடலடியைப் பற்றி ஆவணப்படம் எடுத்தார். குறும்படத்திலிருந்து முழுநீளக் கதைப்படத்துக்குத் தாவும் துணிவை அவருக்குத் தந்தது இன்னொரு நிகழ்ச்சி. 1961 மார்ச்சில், தெற்குக் கடலிலுள்ள கிரேட் பேசஸ் பாறைத்தொடரில், இரண்டு அமெரிக்கச் சிறுவர்களோடு சுழியோடியபோது அவர் ஒரு சிதைந்த கப்பலைக் கண்டார். அதிலிருந்து மொகலாய மன்னர் ஔரங்கசீப்பின் வெள்ளி நாணயங்கள் கட்டிகட்டியாகக் கிடைத்தன. நாணயங்களில் பொறித்திருந்த ஹிஜ்ரி ஆண்டு 1113, அதாவது கி.பி. 1702. கிளார்க் இதைப் பற்றி 1964இல் ஒரு நூலே எழுதினார். புதையல் தேடும் கதையொன்றைப் படமாக்க அந்தக் கண்டுபிடிப்பைவிடப் பெரிய தூண்டுதல் வேண்டியதில்லை.

அன்றைய இலங்கைச் சினிமாவின் நிலையையும் கருதவேண்டும். முதற் சிங்களப் பேசும்படமான 'கடவுணு பொறொந்துவ' 1947இல் வெளியானது. அதைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்ற தமிழர். எடுக்கப்பட்ட இடம் மதுரை. அதன்பின் பல ஆண்டுகளுக்குத் தென்னிந்திய அரங்குகளில், தட்டிகளுக்கு முன் நின்றபடி சிங்களப் படங்கள் உருவாயின. 1956இல் லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ' படத்துக்காகக் கமராவை அரங்கிலிருந்து வெளியே கொண்டுவந்தார். வில்லியம் பிளேக் ஒளிப்பதிவு செய்தார். வயலையும் குளத்தையும் இயற்கை ஒளியில் காட்டிய அந்தப் படம் 1957இல் கான் விழாவுக்குப் போனது. அரங்கிலிருந்து வயலுக்கு வர ஒன்பது ஆண்டு. வயலிலிருந்து கடலடிக்கு இறங்க ஆறே ஆண்டு. இந்த வேகத்துக்குப் பீரிசும் பிளேக்கும் போட்ட பாதை காரணம் என்பதை மறுக்க முடியாது. வில்சன் வெளியிலிருந்து வந்தவர் என்பதால், பழைய அரங்கு வழக்கம் எதையும் உதறவேண்டிய தேவையே அவருக்கு எழவில்லை. அவர் தொடங்கியதே திறந்த கடலில்.

'ரன்முத்து துவ'வை வில்சனே இயக்கினார். காமினி பொன்சேகா, ஜோ அபேவிக்கிரம, ஜீவராணி குருகுலசூரிய ஆகியோர் நடித்தார்கள். அமரதேவ இசையமைத்தார். தயாரித்தவர் சேஷா பலிஹக்கார. கிளார்க்கும் பின்னணியில் துணை நின்றார். பெரும்பகுதி திருகோணமலையில் எடுக்கப்பட்டது. 1962 ஆகஸ்டில் திரைக்கு வந்தபோது பார்வையாளர் திரண்டார்கள். தங்கள் நாட்டின் கடலைச் சிங்களக் கதைப்படம் ஒன்றில் பார்வையாளர்கள் வண்ணத்தில் பார்த்தது அதுவே முதல்முறை. கதை எளிமையானது, அடிதடியும் காதலும் பாட்டும் கலந்தது. விமர்சனக் கண்ணோடு பார்த்தால் கதையின் கட்டுக்கோப்பில் நிறையக் குறை காணலாம். ஆனால் கமரா நீருக்குள் இறங்கியதும் படத்தின் நடை மாறிவிடுகிறது. மேலே அவசரப்படும் படம் கீழே நிதானம் கொள்கிறது. அந்தக் காட்சிகளில் வில்சன் கடலைப் பின்னணியாக்காமல் கதையின் ஒரு பாத்திரமாகவே நடத்தினார். இதுதான் அவருடைய தனித்திறமை. பின்னாளில் சிங்களத் திரையின் பெருநடிகராக உயர்ந்த காமினி பொன்சேகாவுக்கும் பொதுமக்களிடையே பெருஞ்செல்வாக்கைச் சேர்த்த படங்களில் இது ஒன்று.

அதே ஆண்டு சனவரியில் சோவியத் திரையரங்குகளுக்கு வந்த 'நீர்நில மனிதன்', அலெக்சாந்தர் பெலியாயெவ் 1928இல் எழுதிய புதினத்தைத் தழுவியது. சுறாவின் செவுள் பொருத்தப்பட்டுக் கடலில் வாழும் இளைஞன் ஒருவனின் கதை. செபத்தாரியோவும் கசான்ஸ்கியும் இயக்கினார்கள். அந்த ஆண்டில் ஆறு கோடியே ஐம்பது இலட்சம் பேருக்கு மேல் பார்த்து, சோவியத் வசூலில் முதலிடம் பெற்றது. கதை நடப்பது தென்னமெரிக்கக் கடற்கரையில். படம் எடுத்ததோ கிரிமியாவின் லஸ்பி குடாவிலும் பாக்கூ நகரத்துப் பழைய தெருக்களிலும். இங்கேதான் ஒளிப்பதிவாளர் ரொசோவ்ஸ்கிக்குச் சோதனை வந்தது. கருங்கடலின் நீர் குளிர்ந்தது. வெப்பக்கடல் மீன்களின் வண்ணம் அங்கே கிடையாது. வெப்பக்கடலைக் காட்டவேண்டிய காட்சியில் மீன்களுக்கு எங்கே போவது? ரொசோவ்ஸ்கி தட்டையான கண்ணாடித் தொட்டியொன்றில் வண்ண மீன்களை விட்டு, அதைக் கமராவின் வில்லைக்கு முன்னால் வைத்து, அதன் ஊடாக நடிகர்களைப் படமெடுத்தார். பார்ப்பவருக்கு நடிகரும் மீன்களும் ஒரே கடலில் நீந்துவதாகத் தோன்றும். எளிய உபாயம், ஆனால் அளவும் ஒளியும் கவனமாகப் பொருந்தினாலொழியப் பலிக்காது. தொட்டிக்குள் விழும் ஒளியும் அப்பால் கடலில் விழும் ஒளியும் ஒத்துப்போகவேண்டும். அருகிலுள்ள மீனும் தொலைவிலுள்ள மனிதனும் ஒன்றாகத் தெளிவாகத் தெரியவேண்டும்.

திருகோணமலையில் இந்தத் தொட்டி தேவைப்படவில்லை. கிளிமீனும் வண்ணாத்தி மீனும் களவாவும் கறுப்புமுனைச் சுறாவும் அங்கே தாமே வந்து போகும். லஸ்பியில் இல்லாத மீனை ஒளிப்பதிவாளர் உண்டாக்கவேண்டும். திருகோணமலையில் இருக்கும் மீன் நடிகருக்கு முன்னால் வரும்வரை ஒளிப்பதிவாளர் காத்திருக்கவேண்டும். முன்னையது திட்டமிடும் கலை, பின்னையது பொறுத்திருக்கும் கலை. இரண்டில் எது உயர்ந்தது என்பதைவிட எது கற்பிக்கத்தக்கது என்று கேட்பது பயனுள்ளது. தொட்டி உபாயத்தை ஒரு மாணவனுக்கு ஒரு பிற்பகலில் செய்துகாட்டலாம். காத்திருப்பை அப்படிக் காட்டிவிட முடியாது.

ஒளிப்பதிவாளரைச் சோவியத் நாடு உருவாக்கிய முறை தனித்தன்மை உடையது. மாஸ்கோவின் அரச சினிமாக் கல்லூரி 1919இலேயே தொடங்கப்பட்டது. உலகின் முதற் சினிமாக் கல்லூரிகளில் ஒன்று. ஒளிப்பதிவுக்கு அங்கே தனிப் பீடம் இருந்தது. மாணவர் ஓவியமும் ஒளியியலும் படச்சுருளின் வேதியியலும் சேர்த்துப் படித்து, பின் லெனின்கிராட், மாஸ்கோ, கீவ், திபிலிசி என ஏதோ ஒரு அரச அரங்கில் சம்பளத்துக்கு அமர்ந்தார்கள். ஒரு படம் தோற்றாலும் அடுத்த மாதச் சம்பளம் நிற்காது. மறுபக்கம், எந்தக் கதையை எடுப்பது, எது திரைக்கு வருவது என்பதெல்லாம் அரசின் கையில். படச்சுருள் உள்நாட்டுத் தயாரிப்பு. போருக்குப்பின் ஜெர்மனியின் ஆக்ஃபா தொழில்நுட்பத்திலிருந்து பெற்ற வண்ணமுறையையே அவர்கள் கையாண்டார்கள். தட்டுப்பாடுகளின் நடுவே ஒளிப்பதிவாளர் கருவிகளைத் தாமே கண்டுபிடிக்கும் பழக்கம் வளர்ந்தது. செர்கே உருசெவ்ஸ்கி 1957இல் 'கொக்குகள் பறக்கின்றன' படத்தில் கமராவைக் கையில் ஏந்திப் படிக்கட்டில் சுழன்று ஏறியது இந்த மரபின் உச்சங்களில் ஒன்று. அந்தப் படம் 1958இல் கான் விழாவில் முதற் பரிசு பெற்றது. அவரே 1964இல் வெளிவந்த 'நான் கியூபா' படத்தில் ஹவானாவின் விடுதி ஒன்றின் மேல்மாடியிலிருந்து கமராவை இறக்கி, கூட்டத்தின் நடுவே நடத்தி, இடையில் வெட்டே இல்லாமல் நீச்சற் குளத்து நீருக்குள் கொண்டுபோனார். அதைப் பார்த்தால், அந்தத் தலைமுறைச் சோவியத் ஒளிப்பதிவாளர்களை நீர் எவ்வளவு கவர்ந்திருந்தது என்பது விளங்கும்.

ரொசோவ்ஸ்கியின் பின்னைய தொழில் இந்த அமைப்பின் பலத்தைக் காட்டுகிறது. நீரடிப் படத்துக்குப் பெயர்பெற்ற அவரை லெனின்கிராட் அரங்கு நீரடிப் படங்களிலேயே கட்டிப்போடவில்லை. 1970இல் வெளிவந்த 'பாலைவனத்தின் வெள்ளைச் சூரியன்' அவர் ஒளிப்பதிவு செய்தது. நீரே இல்லாத துர்க்மேனிய மணல்வெளியிலும் கஸ்பியன் கரையிலும் எடுக்கப்பட்ட அந்தப் படத்தை, விண்வெளிக்குப் புறப்படுமுன் பார்த்துவிட்டுப் போவதைச் சோவியத் விண்வெளி வீரர்கள் ஒரு வழக்கமாக்கிக்கொண்டார்கள். நீரடியில் ஒளியின் குறைவோடு போராடிய கண், இங்கே ஒளியின் மிகையோடு போராடியது. சட்டத்தின் பெரும்பகுதியை வெளிறிய மணலும் வானமும் நிரப்பும்போது மனித முகம் கருகிப்போகாமல் காப்பது, இருண்ட நீரில் முகத்துக்கு ஒளி தேடுவதைவிட எளிதானதல்ல. இந்த இரண்டு படங்களையும் ஒருவரே எடுத்தார் என்பது அவர் பெற்ற பயிற்சியின் அகலத்துக்குச் சான்று. பின்னாளில் அவர் இளைய ஒளிப்பதிவாளர்களுக்கு ஆசிரியராகவும் இருந்தார். 2011இல் சென் பீற்றர்ஸ்பேர்க்கில் மறைந்தார்.

வில்சனின் தொழில் வேறு வழியில் போனது. 'ரன்முத்து துவ'வின் வெற்றிக்குப்பின் 1964இல் திஸ்ஸ லியனசூரியவோடு சேர்ந்து 'கெட்டவரயோ'வை எடுத்தார். 1967இல், ஜேம்ஸ் பொண்ட் படங்களைக் கேலிசெய்யும் 'சோருன்கெத் சோரு' வந்தது. இவற்றில் கடலடி இல்லை, அல்லது முக்கியமில்லை. வில்சன் நகரத்துப் பொழுதுபோக்குப் படத்துக்கு மாறினார். அவருடைய முதன்மையான திறமை எதுவோ அதற்கு இடமில்லாத படங்கள் இவை. நீரடிப் படம் செலவு மிகுந்தது. ஆறு மாதக் கடலையும் நாளுக்குச் சில மணி ஒளியையும் நம்பி மறுபடி மறுபடி முதலிட இலங்கையில் எந்த அரங்கும் இல்லை. அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் 1972இல்தான் அமைந்தது. அதற்குள் வில்சன் சினிமாவை விட்டிருந்தார்.

இடையில் சத்யஜித் ராயோடு ஏற்பட்ட கசப்பும் உண்டு. வேற்றுக்கோளிலிருந்து வங்காளக் கிராமத்துக்கு வரும் உயிரொன்றைப் பற்றி ராய் எழுதிய 'ஏலியன்' என்ற திரைக்கதைக்கு, கிளார்க் வழியாக அறிமுகமான வில்சன் 1967இல் முகவர் போலச் செயற்பட்டார். ஹொலிவூட்டுக்குப் போன அந்தத் திரைக்கதைப் படிகளில் உரிமை வில்சனுக்கும் ராய்க்கும் கூட்டாக உரியது என்று அச்சிட்டிருந்தது ராயைத் திடுக்கிட வைத்தது. படம் உருவாகவே இல்லை. ராய் 1980இல் இந்தக் கதையைத் தாமே விரிவாக எழுதினார். கடலடியில் அவ்வளவு பொறுமையோடு காத்திருந்த மனிதர், வியாபாரத்தில் அந்தப் பொறுமையைக் காட்டவில்லை என்றே சொல்லவேண்டியிருக்கிறது. பின்னர் அவர் துறவு பூண்டு சுவாமி சிவகல்கி என்ற பெயரில் முருக வழிபாட்டில் ஈடுபட்டார். 1995இல் இறந்தார். கோணேசர் கோயில் இலிங்கத்தைக் கண்டெடுத்த நாளே தம் வாழ்க்கையைத் திருப்பியது என்று அவருடைய அன்பர்கள் கருதுவதில் வியப்பில்லை.

இரண்டு வாழ்க்கைகளையும் பிரிப்பது திறமையல்ல. வில்சன் கடலைப் படித்த அளவுக்கு ரொசோவ்ஸ்கி படித்திருக்க வாய்ப்பில்லை. வில்சன் வாழ்ந்ததே கடலில். ரொசோவ்ஸ்கிக்கு ஒரு கல்லூரி, ஒரு அரங்கு, ஒரு சம்பளம், அடுத்த படம், கடைசியில் மாணவர்கள் என ஒரு சங்கிலி இருந்தது. வில்சனுக்கு ஒரு நண்பரும் ஒரு கடலும் இருந்தன. நண்பரின் ஆதரவும் கடலின் அழகும் ஒரு படத்துக்குப் போதும். ஒரு தொழிலுக்குப் போதா. அரச அரங்கு முறை படைப்பாளியின் வாயைக் கட்டியது உண்மை. ஆனால் கற்றதை அடுத்தவருக்குக் கொடுக்கும் ஒழுங்கை அது காத்தது. இலங்கையில் வில்சன் கற்றது வில்சனோடு போயிற்று. கச்சான் காலத்தின் தெளிவையும், மலை நிழல் விழும் நேரத்தையும், வெண்மணலின் ஒளியையும் வைத்து அவர் உருவாக்கிய வேலைமுறையைக் கற்றுக்கொண்டு தொடர, திருகோணமலையிலோ கொழும்பிலோ ஒரு பட்டறை அமையவில்லை. தமிழ்ப் படங்கள் இலங்கையில் 1960களின் தொடக்கத்திலிருந்து வந்தபோதும் அவற்றில் கடலடிக்கு இடம் கிடைக்கவில்லை. மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்த பாலு மகேந்திரா ஒளிப்பதிவைக் கற்கப் புனே திரைப்படக் கல்லூரிக்குப் போகவேண்டியிருந்தது. அங்கே கற்றதை அவர் தமிழ்நாட்டிலும் கேரளத்திலும் பயன்படுத்தினார். கிழக்கிலங்கைக் கடற்கரையில் வளர்ந்த அந்தக் கண்ணுக்கு இலங்கையில் ஒரு கல்லூரி இருந்திருந்தால் என்ற ஏக்கம் எழாமல் இராது.

1983க்குப் பின் கடலே மூடிக்கொண்டது. துறைமுகமும் கோட்டையைச் சூழ்ந்த கடலும் பாதுகாப்பு வலயங்களாயின. வள்ளங்கள் கரையேறிக் கிடந்த காலங்களும் மீன்பிடிக்கு நேரக்கட்டுப்பாடு இருந்த காலங்களும் வந்தன. பொழுதுபோக்குச் சுழியோட்டத்தை நினைக்கவே முடியாத ஆண்டுகள் அவை. போர் 2009இல் முடிந்தபின் சுழியோடிகள் திரும்பினார்கள். புறாமலை 2003இலேயே தேசிய பூங்காவாக அறிவிக்கப்பட்டிருந்தது. 1998இல் இந்து சமுத்திரம் சூடேறித் தென்மேற்குக் கரையின் முருகைக்கற்கள் வெளுத்தபோது புறாமலை பெருமளவு தப்பியது. இப்போது அங்கே பெருகும் மக்கள் கூட்டத்தின் கால்மிதியும் நங்கூரமுமே பெரிய அச்சுறுத்தல்கள். 'சகாயிங்' கப்பலைக் கடற்படைச் சுழியோடிகள் 2018இல் நீர்மட்டத்துக்கு மீண்டும் எழுப்பினார்கள்.

சுவாமி மலையடிக் கற்களைக் கையளவுக் கமராக்களோடு போகும் சுழியோடிகள் இன்று படம் எடுக்கிறார்கள். வில்சன் காலத்தில் ஒரு குழுவுக்குப் பாரமாயிருந்த கருவி இப்போது ஒருவரின் மணிக்கட்டில் தொங்குகிறது. சிவப்பை மீட்டுத் தருவதையும் கணினியே செய்துவிடுகிறது. மாறாதது இடத்தின் ஒளி. சித்திரைக்கும் புரட்டாதிக்கும் இடையில், மலை நிழல் கடலைத் தொடுவதற்கு முன்னான முற்பகலில், பத்து மீற்றருக்கு உட்பட்ட ஆழத்தில்தான் அந்தத் தூண்களின் செதுக்கு வேலை தெளிவாகத் தெரியும். தூண்கள் ஒவ்வொன்றையும் அளந்து, எண்ணிட்டு, ஒரே அளவுகோலோடு படமெடுத்துத் தொல்லியல் திணைக்களமும் கிழக்குப் பல்கலைக்கழகமும் கோயில் நிர்வாகமும் சேர்ந்து ஒரு பதிவேடாக்கக்கூடிய வேலை அது. அதற்கு வேண்டிய ஒளிப்பதிவு அறிவை 1956இலேயே ஒருவர் அந்த நீரில் இறங்கித் தேடத் தொடங்கிவிட்டார்.